ஓட்ஸ் பார் உதிர்வதும் கல்லாவதும் பூஞ்சை பிடிப்பதும் எதனால்: பட்டுத் தெரிந்துகொண்டவை

ஓட்ஸும் உலர்பழமும் சேர்த்துச் சுடும் பார் ரொம்பச் சுலபம் என்று சொல்லாத சமையல் குறிப்பே இல்லை. கலக்கு, தட்டில் கொட்டு, அழுத்து, சுடு, வெட்டு, அவ்வளவுதான் என்பார்கள். அது என் கைக்கு வருவதற்குள் நான் பட்ட பாடு கொஞ்சநஞ்சமில்லை. கேட்டுத் தெரிந்துகொள்ள வீட்டில் ஆளில்லை. பக்கத்தில் நின்று ‘போதும், இறக்கிவிடு’ என்று சொல்லவும் யாருமில்லை. இரவு வேலை முடித்து வந்து, தூங்க வேண்டிய பகலில் அடுப்படியில் நின்று, ஒவ்வொரு தட்டாகக் கெட்டுப்போவதைப் பார்த்துத்தான் கற்றுக்கொண்டேன். நாலு விஷயத்தை யாராவது முன்கூட்டியே சொல்லியிருந்தால் அந்தப் பகல்களில் பாதியையாவது தூங்கிக் கழித்திருப்பேன். அதனால்தான் நடந்ததை நடந்த வரிசையிலேயே எழுதிவைக்கிறேன்.

இதில் நான் இறங்கியதற்குக் காரணம் இரவு வேலைதான். நடுராத்திரி தாண்டியதும் ஒரு பசி வரும். உட்கார்ந்து சாப்பிடுகிற பசி இல்லை, ஆனால் எதையாவது கடித்தால்தான் தலை வேலை செய்யும். அதற்காக உறையிட்ட பார்களை வாங்கி மேசை இழுப்பறையில் போட்டுவைப்பேன். ஒருநாள் சும்மா உறையைத் திருப்பிப் படித்தேன். சேர்மானப் பட்டியலில் எடை அதிகமான பொருள்தான் முதலில் வரும். என் கையிலிருந்த பாரில் ஓட்ஸுக்கு அடுத்த இடத்தில் குளுக்கோஸ் பாகு, அதற்குக் கீழே சர்க்கரை, அதற்கும் கீழே தேன். ஒரே இனிப்பு மூன்று பெயரில் பிரிந்து உட்கார்ந்திருந்தது. மூன்றையும் கூட்டினால் ஓட்ஸைத் தாண்டிவிடும் போலிருந்தது. படத்தில் அழகாகச் சிரித்த பாதாமும் பழமும் பட்டியலின் கடைசியில் கிடந்தன. இனி நானே செய்துகொள்கிறேன் என்று அன்றே முடிவு செய்தேன்.

செலவைப் பற்றி முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஓட்ஸ் மலிவு. பாதாமும் விதைகளும் உலர்பழமும் நல்ல தேனும் மலிவில்லை. ஒரு தட்டு வீணானால் வீணாவது ஓட்ஸ் மட்டும் என்று நினைத்துவிடக் கூடாது. கற்றுக்கொண்ட காலத்தில் குப்பைக்குப் போனதைக் கூட்டிப் பார்த்தால், பல மாதங்களுக்கு உறையிட்ட பாரையே வாங்கிச் சாப்பிட்டிருக்கலாம். அதனால் பழகும்போது முந்திரி, பிஸ்தா பக்கமே போகாதீர்கள். ஓட்ஸ், வேர்க்கடலை, திராட்சை மட்டும் போதும். கைப்பதம் வந்த பிறகு விலை கூடிய சாமான்களைச் சேர்த்துக்கொள்ளலாம்.

முதல் தட்டு ஓவனிலிருந்து வந்தபோது வீடே மணத்தது. மேலே பொன்னிறம், ஓரத்தில் லேசான பழுப்பு, பார்க்க அவ்வளவு அழகு. கத்தியை வைத்து அழுத்தினேன். பொலபொலவென்று உதிர்ந்தது. துண்டு என்று கையில் எடுக்க ஒன்றுமில்லை, தட்டு நிறையத் தூள்தான். அடுத்த முறை தேனைக் கூட்டினேன். ஒட்டியது, ஆனால் தித்திப்பு தாங்கவில்லை. விரலெல்லாம் பிசுபிசுப்பு. மறுநாள் எடுத்தால் பார் நடுவில் வளைந்து தொங்கியது. தேனைக் குறைத்தால் தூள், கூட்டினால் பிசின் என்று மாறி மாறி வந்துகொண்டிருந்தது. தூங்காத கண்ணோடு அந்தத் தட்டைக் கழுவும்போது அழுகையே வந்துவிட்டது.

கோளாறு இரண்டு இடத்தில் இருந்தது. ஒன்று, குறிப்புகள் எல்லாம் கப் கணக்கில் இருந்தன. ஒரு கப் ஓட்ஸ் என்பது நிலையான அளவே இல்லை. தளர்வாக அள்ளினால் ஒரு எடை, குலுக்கி நிரப்பினால் வேறு எடை. கப்பே 240 மில்லி என்று சிலர் வைத்திருக்கிறார்கள், 250 மில்லி என்று சிலர். தேனோ ஒரு கப் 340 கிராமைத் தொடும், அதில் கால் கப் முன்னே பின்னே போனாலே மொத்தமும் மாறிவிடும். சின்ன எடைத் தராசு ஒன்று வாங்கினேன். இத்தனை செலவிலும் அது ஒன்றைத்தான் முதலிலேயே வாங்கியிருக்கலாம் என்று இன்றும் நினைக்கிறேன். தராசு வந்த பிறகு எனக்குப் பிடிபட்ட கணக்கு இதுதான்: உலர்ந்த சாமான் இரண்டு பங்கு எடை என்றால், ஒட்டவைக்கிற சாமான் ஒரு பங்கு எடை. ஓட்ஸ், பாதாம் வேர்க்கடலை மாதிரியான பருப்பு, விதை, பழம் எல்லாம் முதல் கணக்கில் வரும். தேனும் நட் பட்டரும் (அந்தப் பருப்புகளை அரைத்த விழுது) இரண்டாவது கணக்கில். பழம் கொஞ்சம் அதிகமோ, விதை கொஞ்சம் குறைவோ, இந்த விகிதம் காப்பாற்றிவிடும்.

இரண்டாவது, ஓட்ஸின் வகை. குறிப்பில் வெறுமனே ‘ஓட்ஸ்’ என்றிருக்கும். ஸ்டீல் கட் ஓட்ஸ் என்பது தானியத்தை அப்படியே நறுக்கியது. அது கஞ்சிக்கு அருமை, ஆனால் பாரில் போட்டால் ஓவனில் வேகத் தண்ணீர் இல்லாமல் சரளைக்கல் மாதிரி பல்லில் அகப்படும். க்விக் ஓட்ஸ் மெல்லிதாகத் தட்டியது. தேனை உடனே உறிஞ்சிக் கொழகொழத்துப்போகும், கடிக்க எதுவும் மிஞ்சாது. ஆவியில் வேகவைத்து உருளையில் தட்டிய ரோல்டு ஓட்ஸ்தான் இதற்குச் சரி. அதிலும் மூன்றில் ஒரு பங்கை மிக்ஸியில் ஓட்டி மாவாக்கிச் சேர்க்க வேண்டும். முழு ஓட்ஸுக்கு நடுவே இருக்கிற இடைவெளியை இந்த மாவு அடைக்கும், தேன் பிடித்து நிற்க இடம் கிடைக்கும். இதை மட்டும் செய்தபோதே உதிர்வது பாதியாகக் குறைந்தது. கலப்பதற்கு முன்னால் ஓட்ஸையும் பருப்பையும் ஓவனில் 160 டிகிரியில் பத்துப் பன்னிரண்டு நிமிடம் வறுத்துக்கொள்ளுங்கள். பச்சை வாடை போய்ப் பருப்பு மணம் வரும். இது இல்லாத பாருக்கும் இருக்கிற பாருக்கும் ருசியில் மலைக்கும் மடுவுக்குமான வித்தியாசம்.

மிச்சப் பாதி உதிர்வுக்குக் காரணம் தேன் பச்சையாகப் போனது. தேனில் 17, 18 சதவீதம் தண்ணீர் உண்டு. அதைச் சும்மா ஊற்றிக் கிளறினால் பூசியது போல் ஆகுமே தவிரக் கட்டிப் பிடிக்காது. சர்க்கரைப் பாகு காய்ச்சிப் பழகியவர்களுக்கு உருட்டுப் பதம் தெரியும். கிண்ணத்துத் தண்ணீரில் ஒரு சொட்டு விட்டால் கரையாமல் அடியில் தங்கி, விரலால் சேர்த்தால் மெத்தென்று உருண்டையாக வரும். வெப்பமானி வைத்தால் சுமார் 115 டிகிரி. பாருக்கு வேண்டியது அந்தப் பதம்தான். தேனில் தண்ணீர் ஏற்கெனவே குறைவு என்பதால் கொதி வந்த பிறகு ஒன்றிரண்டு நிமிடம் போதும். முதலில் பெரிய குமிழிகள் வரும், அப்புறம் நுரைத்துக்கொண்டு மேலே பொங்கும், பிறகு நுரை அடங்கிச் சின்னச் சின்னக் குமிழிகளாக அடர்த்தியாகக் கொதிக்கும். அங்கே அடுப்பை அணைத்துவிட வேண்டும். பொங்குகிற கட்டத்துக்காகவே ஆழமான பாத்திரம் எடுங்கள், இல்லாவிட்டால் அடுப்பெல்லாம் வழியும். 121 டிகிரியைத் தாண்டவிட்டால் பாகு இறுகிப்போகும், பார் பல்லை உடைக்கும். நட் பட்டரை அடுப்பு அணைத்த பிறகுதான் சேர்க்க வேண்டும், கொதிக்கும்போது போட்டால் அடிப்பிடித்துக் கசக்கும். பாகு சூடாக இருக்கும்போதே உலர்ந்த சாமானில் ஊற்றிக் கிளறிவிடுங்கள். ஆறவிட்டால் கரண்டி நகராது.

அழுத்துவது ஒரு தனி வேலை. கரண்டியின் பின்பக்கத்தால் நாலு தட்டுத் தட்டிவிட்டு ஓவனில் வைத்தால் உள்ளே காற்று நிற்கும், வெட்டும்போது அந்த இடத்திலேயே பிளக்கும். தட்டில் பேக்கிங் தாளை இரண்டு பக்கமும் வெளியே நீளும்படி போட்டுக் கலவையைக் கொட்டுங்கள். மேலே இன்னொரு தாளை விரித்து, அடி தட்டையான டம்ளரை உள்ளங்கையால் பிடித்து, உடம்பின் எடையைக் கொடுத்து அழுத்துங்கள். மூலைகளில் இரண்டு தடவை. சரியாக அழுத்திய கலவையின் மேற்பரப்பு லேசாக மினுங்கும், தாளை உரித்தால் ஒரு ஓட்ஸ்கூட ஒட்டிக்கொண்டு வராது. அந்த அடையாளம் தெரியும்வரை விடாதீர்கள். பருப்பையும் பழத்தையும் சின்னதாக நறுக்குவதும் இதோடு சேர்ந்ததுதான். முழுப் பாதாம் நடுவில் உட்கார்ந்திருந்தால் கத்தி அதில் இடித்து, பார் அங்கிருந்து விரிசல் விடும். எல்லாம் ஓட்ஸ் அளவில் இருந்தால் வெட்டு நேராக விழும். பேரீச்சையும் அத்தியும் நறுக்கும்போது கத்தியில் ஒட்டும். துளி எண்ணெய் தடவிக்கொண்டால் வேலை ஓடும்.

உதிர்வது நின்றதும் கல்லாவது ஆரம்பித்தது. இது எனக்கு இன்னும் கோபம் வரவைக்கிற விஷயம். ‘கெட்டியாகும்வரை சுடவும்’ என்று குறிப்பில் இருந்தது. ஓவனைத் திறந்து தொட்டால் மெத்தென்று இருக்கும். இன்னும் ஐந்து நிமிடம், இன்னும் ஐந்து நிமிடம் என்று வைத்தேன். வெளியே எடுத்து ஆறியபோது கத்தி இறங்கவில்லை. பாகு சூட்டில் எப்போதும் இளகித்தான் இருக்கும், ஆறும்போதுதான் இறுகும். ஓவனுக்குள் இருக்கும்போது கெட்டியாக இருந்தால் அது ஏற்கெனவே கைமீறிப்போய்விட்டது என்று அர்த்தம். தொட்டுப் பார்த்து முடிவு செய்யாமல் நிறத்தைப் பாருங்கள். ஓரம் பொன்னிறமாகி, நடு இன்னும் வெளிறியிருக்கும்போதே எடுத்துவிடுங்கள். 160 டிகிரியில் 20 முதல் 25 நிமிடத்துக்குள் இது வந்துவிடும். விசிறி ஓடுகிற ஓவன் என்றால் வெப்பத்தை 20 டிகிரி குறைத்து வையுங்கள். தேனில் பிரக்டோஸ் அதிகம், அது சாதாரணச் சர்க்கரையைவிடச் சீக்கிரம் கறுக்கும். அதனால் இதில் அதிக வெப்பம் எப்போதும் ஆபத்து.

அப்படிப் பார்த்தும் ஒரு பக்கம் கருகிக்கொண்டே இருந்தது. ஓவனுக்குள் வைக்கிற சின்ன வெப்பமானியை வாங்கி மாட்டியபோதுதான் உண்மை தெரிந்தது. குமிழைத் திருப்பி 160-இல் வைத்தால் உள்ளே அதைவிடக் கணிசமாக அதிகம் காட்டியது, பின்சுவரை ஒட்டிய இடத்தில் இன்னும் அதிகம். பல வாரமாக என் கையைத்தான் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தேன். வீட்டு ஓவன்களில் இந்த வித்தியாசம் சாதாரணம். குமிழில் எழுதியிருக்கும் எண்ணை நம்பாமல் உள்ளே இருக்கும் வெப்பத்தை அளந்து பாருங்கள். பாதி நேரத்தில் தட்டைத் திருப்பி வைத்தால் பின்பக்கம் தப்பிக்கும். எடுத்த பிறகு பொறுமை வேண்டும். தட்டிலேயே முழுக்க ஆறவிட்டு, அப்புறம் ஒரு மணி நேரம் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து, நீண்ட தாளைப் பிடித்துத் தூக்கிப் பலகையில் வைத்து வெட்டுங்கள். கத்தியை ரம்பம் போல் முன்னும் பின்னும் இழுக்காமல், நீளக் கத்தியை வைத்து ஒரே அழுத்தாக அழுத்த வேண்டும்.

உலர்பழம் என்றால் எல்லாம் ஒன்று என்று நினைத்திருந்தேன். திராட்சையில் ஈரம் சுமார் 15 சதவீதம்தான், ஆப்ரிகாட்டில் 30 சதவீதம் வரை இருக்கும், பேரீச்சை நடுவில் எங்கோ நிற்கும். ஆப்ரிகாட்டை அள்ளிப் போட்ட தட்டு எப்போதும் மெத்தென்று இருந்ததற்கும், திராட்சைத் தட்டு விறைப்பாக இருந்ததற்கும் காரணம் அதுதான். திராட்சை மேற்பரப்பில் துருத்திக்கொண்டிருந்தால் ஓவன் சூட்டில் உப்பி, கருகி, ஒரு கசப்பை விட்டுவிடும். அழுத்துவதற்கு முன்னால் மேலே தெரிகிற பழங்களை விரலால் உள்ளே தள்ளிவிடுங்கள். காய்ந்து சுக்காகிப்போன திராட்சை ஓட்ஸிலிருக்கும் ஈரத்தையும் இழுத்துக்கொள்ளும். அதைச் சுடுதண்ணீரில் பத்து நிமிடம் போட்டு, பிழிந்து, துணியில் ஒற்றி எடுத்துச் சேர்க்கலாம். ஒற்றாமல் போட்டால் என்ன ஆகும் என்பதற்குக் கீழே வருகிறேன். கடையில் பளிச்சென்ற ஆரஞ்சு நிறத்தில் இருக்கும் ஆப்ரிகாட் கந்தக டையாக்சைடு ஏற்றியது. நிறம் மங்காமல் இருக்கவே அது. ஆஸ்துமா உள்ள சிலருக்கு அது ஒத்துக்கொள்ளாது. பழுப்பாக, பார்க்கச் சுமாராக இருக்கிற ஆப்ரிகாட் கந்தகம் இல்லாதது, ருசியும் ஆழம். கிரான்பெர்ரி இயல்பில் கடும் புளிப்பு என்பதால் உலர்ந்த கிரான்பெர்ரியில் பெரும்பாலும் சர்க்கரை ஏற்றியிருப்பார்கள். ‘பழம்தானே’ என்று அள்ளிப் போடாமல் உறையைப் படியுங்கள்.

இப்போது சொல்லப்போவதுதான் எனக்கு எல்லாவற்றையும்விட வலித்தது. நண்பர்கள் சேர்ந்து சில நாள் மலை நடைக்குப் போனோம். வழித் தீனி என் பொறுப்பு. கைப்பதம் வந்துவிட்ட சந்தோஷத்தில், இந்த முறை இன்னும் ஆரோக்கியமாக இருக்கட்டும் என்று ‘சர்க்கரையும் தேனும் இல்லாத பார்’ என்ற குறிப்பை எடுத்தேன். தேனுக்குப் பதில் மசித்த வாழைப்பழம், ஊறவைத்து அரைத்த பேரீச்சை. சுட்டதும் நன்றாகவே இருந்தது, எல்லோரும் ருசி பார்த்துப் பாராட்டினார்கள். காற்றுப் புகாத டப்பாவில் அடுக்கி எடுத்துக்கொண்டு போனோம். முதல் நாள் பிரச்சினை இல்லை. மூன்றாம் நாள் மதியம், ஏற்றம் ஏறிக் களைத்து உட்கார்ந்து டப்பாவைத் திறந்தால் ஒரு புளித்த வாடை. கீழ் அடுக்கிலிருந்த துண்டுகளின் ஓரத்தில் வெள்ளையும் பச்சையுமாகப் பூஞ்சை பூத்திருந்தது. அடுத்த ஊர் வர நெடுந்தூரம் இருந்தது. யாரும் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை, அதுதான் இன்னும் கஷ்டமாக இருந்தது. மிச்சமிருந்த பருப்பைப் பங்கு போட்டுத் தின்றுவிட்டு நடந்தோம். அன்று இரவு கூடாரத்தில் எனக்குத் தூக்கம் வரவில்லை.

ஆறிய பிறகு டப்பாவில் போடவும் என்று அந்தக் குறிப்பில் இருந்தது, அப்படித்தான் போட்டேன். தேன் போனால் பாரின் ஆயுளும் போகும் என்று மட்டும் அதில் ஒரு வரி இல்லை. கணக்குப் போட்டால் எளிதாகப் புரியும். 120 கிராம் தேன் கலவைக்குள் கொண்டுவருகிற தண்ணீர் சுமார் 20 கிராம். அதே 120 கிராம் வாழைப்பழம் கொண்டுவருவது சுமார் 90 கிராம். பழத்தின் எடையில் முக்கால் பங்கு தண்ணீர்தான். தேனிலும் உலர்பழத்திலும் இருக்கிற தண்ணீரைச் சர்க்கரை இறுகப் பிடித்துவைத்திருப்பதால் பூஞ்சைக்கு அது கிடைக்காது. உணவுத் துறையில் இப்படிப் பிடிபடாமல் இருக்கும் ஈரத்தை 0 முதல் 1 வரையிலான ஓர் அளவில் சொல்வார்கள். 0.6-க்குக் கீழே இருந்தால் எந்த நுண்ணுயிரும் வளராது, புதுப் பழம் 0.95-க்கு மேல் இருக்கும். வாழைப்பழ பார் என்பது உண்மையில் ஈரக் கேக்கின் குணம் உள்ளது. அதைக் குளிர்சாதனப் பெட்டியில் வைத்து மூன்று நான்கு நாளில் தீர்க்க வேண்டும், பையில் போட்டுப் பயணம் கொண்டுபோக முடியாது. ஊறவைத்த திராட்சையைத் துணியில் ஒற்றச் சொன்னதும் இதற்காகத்தான். நன்றாகச் செய்த தேன் பாரையே வெதுவெதுப்பாக இருக்கும்போது மூடினால் மூடியில் வியர்த்து, அந்தத் துளிகள் பாரின் மேலேயே விழும். உதிர்வது, கல்லாவது, நமுத்துப்போவது, பூஞ்சை பிடிப்பது எல்லாமே ஈரம் எவ்வளவு, எங்கே இருக்கிறது என்பதைப் பொறுத்துத்தான். இதைப் புரிந்துகொண்ட பிறகு எந்தக் குறிப்பைப் பார்த்தாலும் அதில் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்றுதான் முதலில் தேடுகிறேன்.

இனிப்பைப் பற்றியும் நேராகப் பேசிவிட வேண்டும். ‘சர்க்கரை இல்லை, தேன்தான்’ என்று சொல்வதை நான் விட்டுவிட்டேன். உலக சுகாதார நிறுவனம் 2015-இல் வெளியிட்ட வழிகாட்டுதலில் தேனும் சர்க்கரைக் கணக்கில்தான் வருகிறது. ஒருநாள் ஆற்றலில் பத்து சதவீதத்துக்குள் இருக்க வேண்டும், ஐந்துக்குள் இருந்தால் இன்னும் நல்லது என்கிறது அது. 2000 கலோரி சாப்பிடுகிறவருக்கு ஐந்து சதவீதம் என்பது 25 கிராம். என் தட்டில் 120 கிராம் தேன் போட்டு 16 துண்டு போடுகிறேன், ஒரு துண்டுக்குத் தேனிலிருந்து வரும் சர்க்கரை 6 கிராம். பழத்தின் இனிப்பு தனி. கலோரி ஒரு துண்டுக்கு 160, 170 வரும். பருப்பும் விதையும் நிறைய இருக்கிற பண்டம் லேசாக இருக்காது. ஒன்று தின்றால் பசி அடங்குகிறது, மூன்று தின்றால் அது ஒருவேளைச் சாப்பாடு. ஓட்ஸில் இருக்கிற பீட்டா குளுக்கன் என்ற நார்ச்சத்து கொலஸ்ட்ராலைக் குறைக்க உதவுவது உண்மைதான். ஆனால் அதற்கு ஒரு நாளைக்கு 3 கிராம் வேண்டும். உலர் ஓட்ஸில் அது சுமார் 4 சதவீதம்தான், ஒரு துண்டில் 12, 13 கிராம் ஓட்ஸ் இருக்கிறது, அரை கிராம்தான் கிடைக்கும். பார் சாப்பிட்டு இதயத்தைக் காப்பாற்றுகிறேன் என்று சொல்ல முடியாது.

நாலு பேருக்குக் கொடுக்கத் தொடங்கினால் வேறு கவனங்கள் வரும். ஒருமுறை நண்பர் வீட்டில் தட்டை வைத்தபோது தவழ்கிற குழந்தை கையை நீட்டியது, பாட்டி ஒரு துண்டைக் கிள்ளப் போனார். நான் பதறித் தடுத்தேன். ஒரு வயது நிறையாத குழந்தைக்குத் தேன் கூடவே கூடாது. பொட்டுலிசம் என்ற கொடிய நோயை உண்டாக்குகிற கிருமியின் வித்துகள் தேனில் இருக்கக்கூடும், அவை பாகு காய்ச்சுகிற சூட்டிலும் ஓவன் சூட்டிலும் சாகாது. சுட்டதுதானே என்று நினைத்துக் கொடுத்துவிடாதீர்கள். சின்னக் குழந்தைகளுக்கு முழுப் பருப்பும் தொண்டையில் அடைக்கும். அடுத்து, கோதுமை ஒத்துக்கொள்ளாத சீலியாக் நோய் உள்ளவர்கள். ஓட்ஸில் கோதுமையின் குளூட்டன் இயல்பில் இல்லை, ஆனால் வயலிலும் ஆலையிலும் கோதுமையோடு கலந்துவிடும். ‘குளூட்டன் இல்லாதது’ என்று குறிப்பிட்ட ஓட்ஸ்தான் அவர்களுக்கு. அதுவும் சிலருக்கு ஒத்துக்கொள்ளாது, அவர்களைக் கேட்காமல் கொடுக்காதீர்கள். நட்ஸ் அலர்ஜி உள்ளவர்களுக்காக டப்பாவின் மேல் என்னென்ன சேர்ந்திருக்கிறது என்று எழுதி ஒட்டிவிடுகிறேன்.

இப்போது நான் செய்வது இதுதான். 20 சென்டிமீட்டர் சதுரத் தட்டுக்கு ரோல்டு ஓட்ஸ் 200 கிராம், அதில் 65 கிராமை மாவாக்கிவிட வேண்டும். நறுக்கிய பருப்பும் விதையும் சேர்த்து 100 கிராம், நறுக்கிய உலர்பழம் 120 கிராம், அரைத் தேக்கரண்டி உப்பு. உப்பை விட்டுவிடாதீர்கள், அது இல்லாவிட்டால் வெறும் தித்திப்பாக நிற்கும். பாகுக்குத் தேன் 120 கிராம், உப்பும் சர்க்கரையும் சேராத நட் பட்டர் 100 கிராம். ஏலக்காயோ பட்டையோ உங்கள் விருப்பம். மேலே சொன்ன வரிசையில் வறுத்து, பாகு காய்ச்சி, கிளறி, அழுத்தி, சுட்டு, ஆறவிட்டால் 40 கிராம் துண்டு 16 வரும். தேன் வேண்டாம் என்பவர்கள் வேறு கெட்டியான பாகு எதையும் அதே எடையில் எடுக்கலாம், பதம் மட்டும் மாறக்கூடாது.

ஒவ்வொரு துண்டையும் தாளில் தனியாகச் சுற்றி, காற்றுப் புகாத டப்பாவில், வெயில் படாத இடத்தில் வைத்தால் ஒரு வாரம் நன்றாக இருக்கும். குளிர்சாதனப் பெட்டியில் இன்னும் கூட. உறைபெட்டியில் வைத்தால் இரண்டு மூன்று மாதம் தாங்கும். அங்கிருந்து எடுக்கும்போது தாளைப் பிரிக்காமலே வெளியே வையுங்கள், வியர்வை தாளின் வெளிப்பக்கத்தில் நின்றுகொள்ளும். பூஞ்சை வராவிட்டாலும் கொழுப்பு கெடும். தானியங்களில் ஓட்ஸுக்குக் கொழுப்பு அதிகம், பருப்பும் விதையும் கேட்கவே வேண்டாம். பொடித்த ஆளி விதை எல்லாவற்றையும்விடச் சீக்கிரம் சிக்கு வாடை அடிக்கும். விதையை முழுதாக வாங்கிவைத்து அன்றன்று பொடியுங்கள். வாங்கிய பருப்பில் ஒன்றைக் கடித்துப் பார்த்துவிட்டுத்தான் தட்டில் போடுங்கள். ஒரு கைப்பிடி சிக்குப் பருப்பு முழுத் தட்டையும் கெடுத்துவிடும், சுட்டாலும் அந்த வாடை போகாது.

இதைப் படிக்கும்போதே கையில் உதிர்ந்த தட்டோடு நிற்கிறீர்கள் என்றால், கொட்டிவிடாதீர்கள். இரண்டு கரண்டித் தேனை உருட்டுப் பதத்தில் காய்ச்சி அந்தத் தூளில் ஊற்றிக் கிளறி, மறுபடி அழுத்தி, பத்து நிமிடம் சுட்டு ஆறவிட்டால் பெரும்பாலும் கட்டிவிடும். கட்டாவிட்டாலும் பாலில், தயிரில் போட்டுச் சாப்பிட அதைவிட நல்லது கிடைக்காது. கல்லாகிப்போனதை ஓவனில் லேசாகச் சூடுபடுத்தினால் பாகு இளகும், அந்தச் சூட்டிலேயே சின்னத் துண்டுகளாக வெட்டிவிட வேண்டும். பிசினாக வளைவதை 140 டிகிரியில் பத்து நிமிடம் திரும்பச் சுடலாம். கருகிய ஓரத்தைச் சீவிவிட்டால் நடுப்பகுதி நன்றாகவே இருக்கும். பூஞ்சை பிடித்ததை மட்டும் ஓரத்தை வெட்டிவிட்டுத் தின்னலாம் என்று பார்க்காதீர்கள். கண்ணுக்குத் தெரிகிற இடத்தைத் தாண்டியும் அது உள்ளே ஓடியிருக்கும், டப்பா முழுவதையும் கொட்டிவிட்டு டப்பாவைச் சோப்புப் போட்டுக் கழுவி வெயிலில் காயவையுங்கள்.